பூசணிக்காய்க்குள் விளக்கு

உறைக்காரரை முதல்முறை பார்க்கிறவர்கள் அவரைக் கேலி செய்ய வழியில்லாமல் தவித்துப்போவார்கள். அதையெல்லாம் அவரே செய்து முடித்திருப்பார். கடைப்படியில் நீங்கள் காலை வைக்கும்போதே, "வாங்க, தலையக் குனிஞ்சு வாங்க, நிலை குட்டை. எனக்கு அந்தக் கவலை இல்ல, ஆளும் குட்டை" என்பார். உங்களுக்கு நாற்காலி எடுத்துப்போடத் திரும்புவார். வயிறு மேஜையில் இடிக்கும். நூற்கண்டு உருண்டு கீழே விழும். "முதல்ல இது போகும், பின்னாடி நான் போவேன்" என்று வயிற்றைத் தட்டிக் காட்டுவார். வழுக்கை, குறட்டை, ஆட்டுக்குட்டிக் குரல் எல்லாம் நீங்கள் அளவு சொல்லி முடிப்பதற்குள் வரிசையாக வந்துவிடும். சிரித்துக்கொண்டே வெளியே போவீர்கள். நல்ல மனுஷன், தலைக்கனமே இல்லை என்று வீட்டில் போய்ச் சொல்வீர்கள்.

அவர் தொழிலைச் சொல்வதென்றால் முதலில் தேன்வெளிச்சத்தைச் சொல்லியாக வேண்டும். அந்த ஊரில் பிறந்தவர்களுக்குச் சொல்லத் தேவையில்லை. நீங்கள் எங்கே பிறந்தீர்களோ, எனக்கென்ன தெரியும்?

ஆண்டில் ஒன்றிரண்டு தடவை அது வரும். என்றைக்கு என்று யாராலும் சொல்ல முடியாது. காலையில் வெயில் ஏறிய பிறகும் இரண்டு நிலவும் வெளுத்துப்போய் வானத்திலேயே நின்றால், அன்று பொழுது சாயும்போது நிச்சயம். முதலில் காக்கைகள் வாயை மூடும். அடுக்கி வைத்த பாத்திரங்கள் மெல்ல ரீங்காரமிடும். பிறகு ஆற்றுக்கு அக்கரையில் இருக்கிற மலையிலிருந்து வெளிச்சம் இறங்கும். தண்ணீரைத் தாண்டித் தெருவுக்குள் முழங்கால் உயரத்தில், தேன் வழிகிற வேகத்தில் வரும். சுடாது. நிழல் விழாது. வாசல் ஏறி, அறை அறையாக நிரம்பி, உலை கொதிக்கிற நேரம் நின்றுவிட்டுப் போய்விடும்.

வெறும் வெளிச்சம் என்றால் ஊர் நிம்மதியாக இருந்திருக்கும். அது வீட்டுக்குள் நிற்கும்போது ஒவ்வொருவருடைய விரல் நகமும் ஒரு நிறத்தில் ஒளிரும். ஆளுக்கொரு நிறம், பிறப்பிலிருந்து சாவு வரை மாறாது. அந்த வீட்டுக்குள் அவருக்கு எல்லாவற்றையும்விடப் பிரியமானது எதுவோ, அதுவும் அதே நிறத்தில் மின்னும். ஒன்றே ஒன்றுதான். ஆளாகவும் இருக்கலாம், அண்டாவாகவும் இருக்கலாம். வெளிச்சத்துக்கு முகதாட்சண்யம் கிடையாது.

போதாக்குறைக்கு ஊரில் ஒரு வழக்கம். வெளிச்சம் நிற்கிறவரை யாரும் கதவைச் சாத்தக்கூடாது. சாத்தினால் அந்த வீட்டுக்கு அடுத்த தடவை வராதாம். வந்து என்ன வாழ்ந்தது என்று இதுவரை ஒருத்தரும் கேட்டதில்லை. திறந்த வீட்டுக்குள் அக்கம்பக்கத்தார் கூசாமல் நுழைவார்கள். பெண்டாட்டி இருக்கச் சாய்வு நாற்காலி மின்னியது, பெற்ற பிள்ளை இருக்க நாய்க்குட்டி மின்னியது என்று பார்த்துவிட்டுப் போவார்கள். பிறகு பல நாள் தெருவில் அதே பேச்சு. பாதி வீடுகளில் சமையல் நடக்காது.

அதற்குத்தான் உறை. நாலு மடிப்புக் கெட்டித்துணியில், மின்னுகிற சாமானின் அளவுக்குத் தைத்து முடிச்சுப் போட்டு இறுக்கிவிட்டால் ஒன்றும் தெரியாது. துணி பெரிய விஷயமில்லை. ஊசி போன ஓட்டை இருக்கிறதே, அதில்தான் வெளிச்சம் கசியும். தையல் நெடுக மெழுகைத் தேய்த்து ஓட்டை ஓட்டையாக அடைக்க வேண்டும். அதில் அவரை மிஞ்ச ஆளில்லை. பல் டாக்டர் வீட்டு மிட்டாய் ஜாடிக்கு உறை தைத்தவர் அவர். பள்ளிக்கூடத் தலைமையாசிரியர் வீட்டு நிலைக்கண்ணாடிக்கும் அவரே. சண்டை போட்டுக்கொண்டு ஊரைவிட்டே போன அண்ணன் உட்கார்ந்திருந்த முக்காலிக்கு ஒரு தம்பி வந்து உறை கேட்டான். அதையும் தைத்துக் கொடுத்தார். எதையும் அவர் பெண்டாட்டியிடம்கூடச் சொன்னதில்லை. எனக்கு மட்டும் எப்படித் தெரியும் என்று கேட்காதீர்கள்.

அவர் வீட்டில் மட்டும் உறை கிடையாது. அவருக்கு எது மின்னும் என்பது ஊரறிந்த விஷயம். வீட்டு முன்னறையான கடையின் மூலையில் இருக்கிற கால்மிதித் தையல் மிஷின். அவர் நகம் மஞ்சள். மிஷின் சக்கரத்திலிருந்து மிதிகட்டைவரை மஞ்சளாக ஜொலிக்கும். கல்யாணத்துக்கு முன்பும் அதுதான், பின்பும் அதுதான். "எனக்கு ரெண்டு சம்சாரம். மூத்தவ இரும்பு" என்று அவரே சொல்லிச் சிரிப்பார். மனைவியின் நிறம் கத்திரிப்பூ. புதிதாக வந்தபோது தாய்வீட்டிலிருந்து கொண்டுவந்த சீப்புப் பெட்டி மின்னியது. மகள் பிறந்த பிறகு மகள். உச்சி முதல் உள்ளங்கால் வரை கத்திரிப்பூவாக அந்தப் பெண் வீட்டுக்குள் ஓடித் திரிவதைப் பார்க்கவே தெருவில் பாதி பேர் வந்து நிற்பார்கள்.

மகளுக்குக் கல்யாணம் ஆயிற்று. அக்கரைக்குப் போய்விட்டாள். அதற்குப் பிறகு முதல்முறை வெளிச்சம் வந்த அன்று, தெருவே உறைக்காரர் வீட்டு வாசலில் நின்றது. அந்த அம்மாவுக்கு இனி எது மின்னும்? பக்கத்து வீட்டுப் பூட்டுக்காரர் பந்தயமே கட்டியிருந்தார். சீப்புப் பெட்டி என்பது அவர் கட்சி.

வெளிச்சம் நிரம்பியது. வழக்கம்போல மிஷின் மஞ்சள். சமையலறை வாசலில் நின்றிருந்த மனைவியின் நகங்களில் கத்திரிப்பூ நிறம் ஏறியது. பூட்டுக்காரரின் மனைவி பெட்டியைப் பார்த்தாள், பீரோவைப் பார்த்தாள், குனிந்து கட்டிலுக்கு அடியிலும் பார்த்தாள். எங்கேயும் காணோம். நிமிர்ந்தவள் வாயைப் பிளந்துகொண்டு நின்றுவிட்டாள்.

எல்லோரும் தன்னையே பார்ப்பது உறைக்காரருக்குச் சற்றுத் தாமதமாகத்தான் உறைத்தது. குனிந்து பார்த்தார். கை கத்திரிப்பூ. சட்டைக்குள் வயிறு கத்திரிப்பூ. எதிரே கண்ணாடியில் வழுக்கைத் தலை கத்திரிப்பூ.

உண்மையாகவே அழுகை வந்தது. இத்தனை வயதில் தன்னை யாரும் இப்படிப் பார்த்ததாக அவருக்கு நினைவில்லை, தாங்க முடியவில்லை. ஓடவும் இடமில்லை, வாசலில் ஊர் நிற்கிறது. வாய் முந்திக்கொண்டது.

"அடேயப்பா! பூசணிக்காய்க்குள்ள யாரோ விளக்கேத்தி வச்சுட்டாங்கய்யா!"

வாசல் அதிர்ந்தது. பூட்டுக்காரர் பந்தயம் தோற்றதை மறந்து சிரித்தார். அதோடு நிறுத்தியிருக்கலாம். கைதட்டல் விழுந்தால் நிறுத்துகிற வாயா அது?

"பாவம், மகளும் போயிட்டா. வீட்ல உருப்படியா வேற சாமான் எதுவும் இல்ல. இருக்கிறத வச்சு ஒப்பேத்திட்டா!"

மனைவியும் சிரித்தமாதிரிதான் இருந்தது. பிறகு உள்ளே போய், ஏற்கெனவே துலக்கிக் கவிழ்த்த பாத்திரத்தை எடுத்து மறுபடி துலக்கினாள். அந்த வாரமே ஒரு பையில் துணிகளை எடுத்து வைத்துக்கொண்டு, மகளுக்கு ஒத்தாசைக்குப் போகிறேன் என்று படகேறிவிட்டாள். மகள் எந்த ஒத்தாசையும் கேட்கவில்லை.

போனவள் வரவில்லை. கொஞ்ச நாள் கழித்துப் படகுக்காரர் கடைப்படியில் நின்று, தலையைச் சொறிந்துகொண்டே சேதி சொன்னார். "அடுத்த வெளிச்சத்துக்கு வருவாங்களாம். வந்து பார்த்துட்டு, இருக்கிறதா போறதான்னு முடிவு பண்ணுவாங்களாம். இதை இப்படியே சொல்லச் சொன்னாங்க. என் பேர்ல கோவப்படாதீங்க."

உறைக்காரர் அந்த இடத்திலேயே ஒரு முடிவுக்கு வந்தார். மிஷின்தான் காரணம். அவள் தன்னை மின்ன வைத்திருக்கிறாள். பதிலுக்குத் தான் இரும்பை மின்ன வைத்தால் எவளுக்குப் பொறுக்கும்? கல்யாணமான நாளிலிருந்து பொறுத்தவள் இப்போது மட்டும் ஏன் கிளம்பினாள் என்று அவர் யோசித்திருக்கலாம். யோசிக்கிற வேலைக்குத் தன் தலை லாயக்கில்லை என்று ஊருக்கெல்லாம் சொல்லி வைத்த மனுஷன் எப்படி யோசிப்பார்?

மிஷினை வெறுப்பது என்று இறங்கினார். எண்ணெய் போடுவதை நிறுத்தினார். அது கிறீச்சிட்டது. "கத்து, நல்லாக் கத்து. குடும்பத்தக் கெடுத்தவ நீ" என்று அதன் முகத்துக்கு நேராகச் சொன்னார். மறுநாள் கத்தல் இன்னும் கூடியது. பொறுக்க முடியாமல் எண்ணெய் விட்டு, துணியால் துடைத்து, மன்னிப்பும் கேட்டார். அது போகட்டும் என்று அடுத்த பக்கம் திரும்பினார். மனைவி மேல் பிரியத்தைக் கூட்டினால் கணக்கு சரியாகிவிடாதா? அவள் உட்காருகிற பலகைக்கு எதிரே உட்கார்ந்து அதையே பார்த்தார். பிரியம் வருகிறதா என்று பார்த்தார். தூக்கம்தான் வந்தது. அவள் செய்கிற மாதிரி ரசம் வைத்துப் பார்த்தார். அதைக் குடித்த பிறகு அவள் அருமை தெரிந்தது என்னவோ வாஸ்தவம்.

"மிஷினைத் தூக்கி எங்க வீட்ல வச்சிருங்கண்ணே" என்றார் பூட்டுக்காரர். "உங்க வீட்டுக்குள்ள இருந்தாத்தானே மின்னும்?"

அது ஊர்ப் புத்தி. உறைக்காரருக்கும் தோன்றாமல் இல்லை. இருவரும் சேர்ந்து தூக்கி வாசல் வரை கொண்டுபோனார்கள். அங்கே வைத்துவிட்டு உறைக்காரர் மூச்சு வாங்கினார். "மூத்தவள வாசலுக்குத் துரத்துனா பாவம் சும்மா விடாதுய்யா" என்றார். திருப்பித் தூக்கி மூலையிலேயே வைத்தார்கள். பூட்டுக்காரர் இடுப்பைப் பிடித்துக்கொண்டு வீட்டுக்குப் போனார்.

கடைசியில் மிச்சமிருந்த வழி அவருக்குத் தெரிந்த ஒரே வழி. உறை தைக்க உட்கார்ந்தார். மிஷினுக்கு உறையை அந்த மிஷினிலேயே தைத்தார். அதற்கு இது தெரிந்திருந்தால் என்ன நினைத்திருக்குமோ! வாழ்நாளில் அப்படி ஒன்றை அவர் தைத்ததில்லை. நாலு மடிப்பு போதாதென்று ஆறு மடிப்பு. மூலைக்கு மூலை இரட்டைத் தையல். தைத்த பிறகும் துணி மிஞ்சியது. மிஞ்சிய துணியை மடித்து வைக்கப் போனவர், வைக்கவில்லை. அளவுநாடாவை எடுத்துத் தன் மார்பையும் வயிற்றையும் அளந்தார்.

குளிருக்கு ஒரு மேல்சட்டை என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். குளிர்காலம் முடிந்து வெயில் மண்டையைப் பிளந்துகொண்டிருந்தது. கழுத்துவரை பட்டன், விரல்நுனிவரை கை, தலைக்கு ஒரு முக்காடு. தையலில் மெழுகு தேய்க்கும்போதுதான் அவருக்கு அந்த நினைப்பு வந்தது. வெளிச்சம் வந்து, மிஷின் மின்னாமல் போய், தானும் மின்னாமல் போனால்? போன தடவை இருந்தது இந்தத் தடவை இல்லாமல் போய், அதை வாசல் நிறைய ஆட்கள் பார்த்தால்? அதற்கு ஒரு ஜோக் தயார் செய்ய முயன்றார். ஒன்றும் வரவில்லை. வாழ்க்கையில் முதல்முறையாக ஒன்றும் வரவில்லை.

ஒரு நாள் காலையில் வெயில் ஏறிய பிறகும் இரண்டு நிலவும் வானத்தில் நின்றன. உறைக்காரர் மிஷினுக்கு உறையை மாட்டி, கடைசித் தையலில் மெழுகைத் தேய்த்துக்கொண்டிருந்தார். படித்துறையில் படகு மணி அடித்தது. மெழுகைக் கீழே போட்டுவிட்டு, மேல்சட்டையை மாட்டிக்கொண்டு வாசலுக்கு ஓடினார். மேஜையில் இடித்துக்கொண்டுதான்.

மனைவி தெருமுனையில் வந்தாள். அதே பை. வாசல் ஏறி, பையை நிலைப்படிக்கு உள்ளே, வழியிலேயே வைத்தாள். அதற்கு மேல் உள்ளே கொண்டுபோகவில்லை. அவரை மேலும் கீழும் பார்த்தாள்.

"காய்ச்சலா?"

"இல்ல. குளிர்."

நெற்றியில் வழிந்த வியர்வையை அவள் பார்த்தாள். மூலையைப் பார்த்தாள். "அது என்ன, மாட்டுக்கு மழைக்கோட்டா?"

"மிஷின்" என்றார் உறைக்காரர். "இனிமே உன் கண்ணுல படாது."

அவள் தன் பலகையில் உட்கார்ந்தாள். அவர் ரசம் கொண்டுவந்து கொடுத்தார். ஒரு வாய் குடித்துவிட்டு டம்ளரைத் தள்ளி வைத்தாள். பொழுது சாயக் காக்கைகள் வாயை மூடின. சமையலறையில் பாத்திரங்கள் ரீங்கரித்தன. இவர்கள் வாசலில் வெளிச்சம் வருவதற்கு முன்பே ஆட்கள் வந்துவிட்டார்கள். முன்வரிசையில் பூட்டுக்காரர், பக்கத்தில் அவர் மனைவி. இன்று பந்தயம் எதுவும் இல்லை. பூட்டுக்காரர் முகத்தில் கவலைகூடத் தெரிந்தது.

வெளிச்சம் படியேறி, முழங்காலைத் தொட்டு, கூரை வரை நிறைந்தது. மூலையில் இருட்டு மாதிரி நின்றது உறை. ஒரு பொட்டுக் கசியவில்லை. உறைக்காரருக்குப் பாதி உயிர் வந்தது. அப்போது கீழ் ஓரத்தில், மெழுகு தேய்க்காமல் விட்ட கடைசித் தையலில், ஊசி ஓட்டைகள் கடுகு கடுகாக மஞ்சளாய் மின்னின.

மனைவி எழுந்து போனாள். முடிச்சுகளை அவிழ்த்தாள். உறையை உருவிக் கீழே போட்டாள். மிஷின் சக்கரத்திலிருந்து மிதிகட்டைவரை ஜகஜோதியாக நின்றது. எண்ணெய் வேறு போட்டுத் துடைத்திருந்தார்.

"நான் எவ்வளவோ முயற்சி பண்ணேன்" என்றார் அவர். குரல் அசல் ஆட்டுக்குட்டி. "திட்டிக்கூடப் பார்த்தேன்."

"மிஷின் மின்னுனதுக்கா நான் போனேன்?"

அவர் விழித்தார்.

"இது மின்னும்னு தெரிஞ்சுதானே கழுத்த நீட்டினேன்? இது நமக்குச் சோறு போடுது, மின்னட்டும். மக வீட்ல ஊஞ்சல் ஒண்ணு இருக்கு. நான் அங்க இருக்கையில வெளிச்சம் வந்திருந்தா எனக்கு அதுகூட மின்னியிருக்கும், யார் கண்டா?" வாசலில் சிலர் சிரித்தார்கள். அவள் திரும்பி ஒரு பார்வை பார்த்தாள். சிரிப்பு நின்றது. "நான் எதைப் பிரியமா வச்சிருக்கேன்னு அன்னிக்கு ஊரே பார்த்துச்சு. வேற யாராவது அதைப் பூசணிக்காய்னு சொல்லியிருந்தா நீங்க சும்மா விட்டிருப்பீங்களா? வேற நல்ல சாமான் கிடைக்கலன்னு சொன்னா? நீங்களே சொன்னீங்க. நின்னு, எல்லாரையும் சிரிக்க வச்சுச் சொன்னீங்க."

"அது என்னைத்தானே சொன்னேன்... உன்னை ஒண்ணும்..."

"எனக்குப் பிடிச்சதைச் சொன்னீங்க."

உறைக்காரருக்கு அப்போதுதான் விளங்கியது. மிட்டாய் ஜாடிக்கும் முக்காலிக்கும் உறை போட்டு மற்றவர்கள் மானத்தையெல்லாம் காப்பாற்றிய மனுஷன், அவளுடையதை மட்டும் நடுவீட்டில் வைத்துக் கூவி விற்றிருக்கிறார். இத்தனை நாளாக ஆறு மடிப்பில் தப்பான சாமானைப் போர்த்திக்கொண்டிருந்திருக்கிறார். இது எவ்வளவு நல்ல ஜோக்! இந்த நேரத்தில்கூட அது நாக்கு நுனிக்கு வந்துவிட்டது. சனியன்.

"சட்டையக் கழட்டுங்க" என்றாள் மனைவி.

"வேண்டாம்."

"ஏன்?"

அவருக்குச் சொல்ல வேறொன்றும் தோன்றவில்லை, உண்மையே வந்தது. "பயமா இருக்கு. இல்லாமப் போயிருந்தா?"

"போயிருந்தா ரெண்டு பேரும் பார்ப்போம். கழட்டுங்க."

அவர் கண்ணை மூடிக்கொண்டு பட்டன்களைக் கழற்றினார். அவர் கைப்பட வைத்த பட்டன்கள், லேசில் கழலவில்லை. சட்டை தரையில் விழுகிற சத்தம் கேட்டது. வாசலில் ஒருவரும் பேசவில்லை. அந்த மௌனத்துக்கு என்ன அர்த்தம் என்று தெரியாமல் அவர் மூடிய கண்ணோடு நின்றார்.

"மின்னுறேனா?"

"கண்ணத் திறந்து நீங்களே பாருங்க."

திறந்தார். கை கத்திரிப்பூ. வயிறு கத்திரிப்பூ. கண்ணாடியில் வழுக்கைத் தலை, போன தடவையைவிட ஒரு படி அதிகமாகவே கத்திரிப்பூ. பூட்டுக்காரர் வாயைத் தயாராக வைத்துக்கொண்டு நின்றார். அண்ணன் இப்போது ஒன்று எடுத்துவிடுவார், சிரித்துக் கலைந்து போகலாம் என்று எல்லோரும் காத்திருந்தார்கள். உறைக்காரரின் நாக்கில் ஒன்றல்ல, நாலு இருந்தன. கத்திரிக்காயை வைத்து ஒன்று, கல்யாண மண்டபத்துச் சீரியல் விளக்கை வைத்து ஒன்று. மனைவி அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் நகங்கள் இறுக மூடியிருந்த கைகளுக்குள் ஒளிர்ந்தன.

அவர் விழுங்கினார். நாலையும் விழுங்கினார். மாத்திரை விழுங்குகிற மாதிரி தொண்டை ஏறி இறங்குவது வாசலில் இருந்தவர்களுக்கே தெரிந்தது.

"என்னண்ணே, ஒண்ணும் சொல்ல மாட்டேங்கறீங்க?" என்றார் பூட்டுக்காரர்.

உறைக்காரர் தன் கையைத் திருப்பிப் பார்த்தார். உள்ளங்கை, புறங்கை, மெழுகு ஒட்டிய கட்டைவிரல். கண்ணில் நீர் இறங்கியது; துடைக்கவில்லை.

"நல்லாருக்கு" என்றார்.

பூட்டுக்காரர் தலையைக் குனிந்துகொண்டார். அவர் மனைவி அவர் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு படியிறங்கினாள். மற்றவர்களும் ஒவ்வொருவராக நகர்ந்தார்கள். வெளிச்சம் மெதுவாக வடிய ஆரம்பித்தது.

"பை வழியில கிடக்கு பாருங்க" என்றாள் மனைவி, டம்ளரை எடுத்துக்கொண்டு சமையலறைக்குத் திரும்பியபடி. "உள்ள கொண்டுவந்து வைங்க. ரசத்துல உப்பே போடல."

அவர் பையைத் தூக்கிக்கொண்டு திரும்பினார். வயிறு மேஜையில் இடித்தது. நூற்கண்டு உருண்டு, தரையில் விழுந்து, அவள் காலடியில் போய் நின்றது. அவள் நின்றாள். திரும்பி அவரைப் பார்த்தாள்.

அவர் ஒன்றும் சொல்லாமல் குனிந்து நூற்கண்டை எடுத்து மேஜையில் வைத்தார். பிறகு பையை உள்ளே கொண்டுபோனார்.